நான்காம் நோட்டில் தாய் பெயர்

மறைந்துவரும் ஆன்மிகச் சிகிச்சை மரபுகளைப் பாதுகாக்கும் திட்டம் ஒன்றில் என்னை வேலைக்கு எடுத்திருந்தார்கள். முதல் நாள் கம்பைநல்லூரில் பஸ்ஸை விட்டு இறங்கி, அந்த மரபு எந்தத் தெருவில் மறைந்துகொண்டிருக்கிறது என்று விசாரித்தேன். "பாய் வூடா? டோக்கன் போட்டீங்களா?" என்று கேட்டார் ஒரு கடைக்காரர். போடவில்லை என்றதும் அவர் முகத்தில் என்மேல் இரக்கம் வந்தது. வியாழனும் ஞாயிறும் காலை ஏழு மணிக்கே டோக்கன் தீர்ந்துவிடுமாம். அழிவின் விளிம்பில் இருப்பதாகச் சென்னையில் சொல்லப்பட்ட மரபைக் கண்ணால் பார்க்க அன்று பிற்பகல் மூன்று மணி வரை பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன்.

எனக்கு முன்னால் கைக்குழந்தையோடு ஒரு பெண். குழந்தை எதையோ பார்த்துப் பயந்து இரண்டு நாளாகச் சரியாகப் பால் குடிக்கவில்லை. அவளுக்கு முன்னால் பட்டுப்புழு வளர்க்கிறவர் ஒருவர். ஷெட்டில் புழு சாகிறது, ஓதின தண்ணீர் வாங்கிப்போய்த் தெளிக்க வேண்டும். அவருக்கு முன்னால் போர்வெல் போட நாள் கேட்க வந்தவர். திருநீறு, சிலுவை, முக்காடு எல்லாம் ஒரே பெஞ்சில் நெருக்கியடித்து உட்கார்ந்திருந்தன. 'மத நல்லிணக்கம்' என்று என் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டேன். பக்கத்தில் இருந்தவர் எட்டிப் பார்த்து, "எத்தனாவது நெம்பர் போவுதுன்னு எழுதுறீங்களா?" என்று கேட்டார்.

இந்த வேலைக்கு எனக்கிருந்த தகுதிகளைச் சொல்லிவிடுகிறேன். தர்மபுரியில் ஒரு கல்லூரி நூலகத்தில் பதினோரு வருஷம் தற்காலிகப் பணியில் இருந்தேன். யாரும் எடுக்காத புத்தகங்களை வரிசைப்படுத்தி, யாரும் பார்க்காத அட்டவணைகள் தயாரித்தவள். இரண்டாவது தகுதி, சின்ன வயதில் மதரஸாவில் ஓதியதால் அரபு எழுத்து தெரியும். அந்த எழுத்தில் எழுதிய தமிழையும் எழுத்துக்கூட்டிப் படித்துவிடுவேன். தாயத்தில் நம்பிக்கை உண்டா என்று நேர்காணலில் கேட்டார்கள். இல்லை என்றேன். அதுதான் வேண்டும் என்று சொல்லி எடுத்துக்கொண்டார்கள். நம்பிக்கை இல்லாதவள் யாருக்கும் கெடுதல் செய்ய மாட்டாள் என்று அவர்கள் நினைத்தார்கள், நானும் நினைத்தேன். அந்த வேலையில்தான் ஒரு தாயிடமிருந்து அவள் பிள்ளையைப் பிடுங்கிவிட இருந்தேன்.

முஸ்லிம்கள் ஹஜ்ரத் என்றும் மற்றவர்கள் பாய் என்றும் கூப்பிடும் அந்த மனிதருக்கு அப்போது ஐம்பத்தெட்டு வயது. மூக்குக்கண்ணாடி, வெள்ளைச் சட்டை, இரண்டு போன். ஒன்று சொந்த விஷயத்துக்கு, மற்றொன்று பெங்களூரில் கட்டட வேலைக்குப் போனவர்களுக்கு. அவர்கள் அங்கிருந்து அழைப்பார்கள், இவர் போனில் ஓதி ஊதுவார். "காத்து அங்க வரைக்கும் போவுமா ஹஜ்ரத்?" என்று ஒரு நாள் கேட்டுவிட்டேன். "பேச்சு போவுதில்ல மா?" என்றார்.

அவர் செய்வது நாலைந்து வகைதான். தலையில் கை வைத்து ஓதி ஊதுவார். தண்ணீர் பாட்டிலில் ஓதிக் கொடுப்பார். வெள்ளைப் பீங்கான் தட்டில் குங்குமப்பூ மையால் வசனம் எழுதித் தருவார், அதைக் கழுவிக் குடிக்க வேண்டும். இதற்கெல்லாம் அசையாத கேஸுக்குத்தான் தாயத்து. தாயத்து கொடுத்தவர்களின் விவரத்தை மட்டும் நோட்டில் எழுதி வைப்பார். அப்படி முப்பது வருஷத்துக்கு மேலாகச் சேர்ந்தவை ஒன்பது நீள நோட்டுகள். பாதுகாக்கப்பட வேண்டிய பொக்கிஷம் அவைதான் என்று சென்னையில் இருந்த இயக்குநர் முடிவு செய்திருந்தார். பொக்கிஷம் கதவு இல்லாத அலமாரியில், பழைய காலண்டர்களுக்கு அடியில் கிடந்தது.

நோட்டில் ஒவ்வொரு வரியிலும் ஆளின் பெயர், அவரைப் பெற்ற தாயின் பெயர், ஊர், குறை. ஓரத்தில் ஓர் எண். எல்லாம் அரபு எழுத்தில் எழுதிய தமிழ். அப்பன் பெயர் எங்குமே இல்லை. ஏன் என்று கேட்டேன்.

"அப்பன் பேரெல்லாம் ரேசன் கார்டுக்கு மா. இதுக்குப் பெத்தவ பேருதான் வேணும். அது தப்பா இருந்தா கணக்கே தப்பு."

கணக்கு இதுதான். அரபு எழுத்து ஒவ்வொன்றுக்கும் ஓர் எண் உண்டு. 'அலிஃப்' எழுத்துக்கு ஒன்று, 'பே' எழுத்துக்கு இரண்டு என்று ஆரம்பித்து ஆயிரம் வரை போகும். ஆளின் பெயரையும் தாயின் பெயரையும் எண்களாக்கிக் கூட்டுவார். அந்தத் தொகையை வைத்துத்தான் தாயத்துக்குள் சுருட்டும் காகிதத்தில் கட்டம் போடுவார். ஓரத்தில் இருக்கும் எண் அந்தத் தொகை. மாடுகளுக்கும் தாயத்து உண்டு. மாட்டுக்குத் தாயின் பெயர் தெரியாதாகையால் எந்தச் சந்தையில் பிடித்தது என்று கேட்டு அந்தச் சந்தையின் பெயரைக் கூட்டுவார். பால் கறந்தால் கணக்கு சரி என்று அர்த்தம்.

தாலுகா ஆபீஸில் வயதை மாற்றிச் சொல்கிறவர்கள், கணக்கெடுக்க வருகிறவர்களிடம் ஆட்டை மறைக்கிறவர்கள், பாங்கில் நிலத்தைக் கூட்டிச் சொல்கிறவர்கள் எல்லாம் அந்தப் பீங்கான் தட்டின் முன்னால் உண்மையைத் தவிர வேறொன்றும் பேச மாட்டார்கள். பொய் சொன்னால் தாயத்து வேலை செய்யாதே. தர்மபுரி மாவட்டத்தில் யார் யாரைப் பெற்றார்கள் என்பதற்கு இருக்கும் ஒரே நம்பகமான பதிவேடு அந்தக் காலண்டர்களுக்கு அடியில்தான் இருந்தது என்று இன்றும் நம்புகிறேன்.

சென்னையிலிருந்து வந்த படிவத்தில் தந்தை அல்லது கணவர் பெயர் என்றுதான் கட்டம் இருந்தது. தாய்க்கு இடமில்லை. மூன்று மின்னஞ்சல் எழுதிச் சண்டை போட்டுத் தாய் பெயருக்கு ஒரு கட்டம் வாங்கினேன். இயக்குநருக்கு விஷயம் புரிந்ததும் வீடியோவில் துள்ளினார். தாய்வழிச் சமூகத்தின் தடயம் என்றார், கட்டுரை எழுதப்போவதாகச் சொன்னார். படங்களோடு நிறுத்திவிடக் கூடாது, எல்லாவற்றையும் தமிழில் தேடக்கூடிய அட்டவணையாகவும் செய்கிறேன் என்று நானாகவே முன்வந்தேன். யாரும் கேட்கவில்லை. பதினோரு வருஷம் ஆள் வராத அட்டவணை செய்தவளுக்கு ஒருமுறையாவது ஆள் வருகிற அட்டவணை செய்யும் ஆசை. பெயரைத் தட்டினால் தாயின் பெயர் வரும், ஊரைத் தட்டினால் அந்த ஊரின் அத்தனை குறைகளும் வரும். முதல் இரண்டு நோட்டுகள் முடிந்ததும், எப்படி இருக்கிறது என்று பார்க்கச் சொல்லி இயக்குநர் நாலு பேருக்கு இணைப்பை அனுப்பினார். அது நாலு பேரோடு நிற்கவில்லை. ஒரு வாரத்தில் மொரப்பூர் பஸ் ஸ்டாண்டில் டீ குடித்துக்கொண்டே பார்த்தார்கள்.

என் வாழ்நாளில் நான் செய்த எதையும் இவ்வளவு பேர் இவ்வளவு ஆசையாகப் படித்ததில்லை. சொந்தப் பெயரை யாரும் தேடவில்லை. எல்லாரும் பக்கத்து வீட்டுப் பெயரைத் தேடினார்கள். எந்த மாமியாரின் தலைவலிக்கு எந்த மருமகள் தாயத்து வாங்கிப் போனாள், எந்த ஆசிரியர் எத்தனை முறை துறைத் தேர்வுக்காகத் தாயத்து கட்டினார் என்பதெல்லாம் வெளியே வந்தது. மேடையில் ஏறினால் மூடநம்பிக்கையை நார் நாராகக் கிழிக்கும் ஒரு கட்சிக்காரரின் பெயரில் இரண்டாம் நோட்டில் மூன்று பதிவுகள் இருந்தன. ஒன்று பரீட்சைக்கு. மற்ற இரண்டும் ஒரே பெண்ணுக்காக. ஹஜ்ரத்திடம் வருத்தம் தெரிவித்தேன். அவர் வருத்தப்பட்டதாகத் தெரியவில்லை. "அந்தப் பொண்ணு கடைசில ஒத்துக்கல மா. கணக்கு என்னமோ சரியாத்தான் வந்துச்சு" என்றார்.

அந்த வாரம்தான் ஓர் அம்மா என்னைப் பிடித்தார். ஐந்து மணி பஸ்ஸுக்கு நான் நிற்கிற இடத்தில் முன்கூட்டியே வந்து நின்றிருந்தார். ஐம்பத்தைந்து வயதிருக்கும். மொரப்பூர் பக்கத்துக் கிராமம், தக்காளி போடுகிறவர். இதை எழுதும்போது ஊரையும் பயிரையும் மாற்றிவிட்டேன். பெயர்களை எழுதவே போவதில்லை, காரணம் போகப் போகப் புரியும்.

"நீங்கதான பாய் நோட்ட போன்ல ஏத்துறது?"

"ஆமாங்க."

"நாலாம் நோட்டு ஏறிடுச்சுங்களா?"

எல்லாரையும் போல இவரும் வேடிக்கை பார்க்கக் காத்திருக்கிறார் என்று நினைத்தேன். "கவலையே படாதீங்க, இன்னும் ரெண்டு வாரத்துல ஏத்திடுவோம்" என்று தைரியம் சொன்னேன். அவர் பஸ் ஸ்டாப் கம்பியைப் பிடித்துக்கொண்டார்.

அங்கேயே, பஸ்ஸுக்கு நின்றவர்களை விட்டு நாலடி தள்ளி நின்று சொன்னார். அவருடைய மகன் அவர் பெற்ற மகன் இல்லை. தங்கை கல்யாணத்துக்கு முன்பே உண்டாகிவிட்டாள். ஊருக்குத் தெரிவதற்குள் அக்காவும் தங்கையும் குடகுக்குக் காபித் தோட்ட வேலைக்குப் போனார்கள். திரும்பி வரும்போது குழந்தை அக்காவின் இடுப்பில் இருந்தது. தங்கையை இண்டூர் பக்கம் கட்டிக் கொடுத்தார்கள். அவள் சித்தி ஆனாள்.

"எங்கூட்டுக்காரருக்குத் தெரியும், அவரு போயிட்டாரு. எங்கம்மாவுக்குத் தெரியும், அவங்களும் போயிட்டாங்க. இப்ப எனக்கும் அவளுக்கும் பாய்க்கும்தான் தெரியும் மேடம்."

பையனுக்கு மூன்று வயதில் காய்ச்சல் வந்து தூக்கிப் போட்டது. ஆஸ்பத்திரியில் மருந்து கொடுத்து வீட்டுக்கு அனுப்பினார்கள். இவர் பாயிடம் தூக்கி வந்தார். தாய் பெயர் கேட்டபோது தன் பெயரைச் சொன்னார். தாயத்து கட்டி மூன்று நாளாகியும் காய்ச்சல் இறங்கவில்லை. மூன்றாம் நாள் மறுபடியும் ஓடிவந்து, அறையில் இருந்தவர்களை வெளியே போகச் சொல்லிவிட்டு, தங்கையின் பெயரைச் சொன்னார். புதுத் தாயத்து கட்டிய மறுநாள் பையன் எழுந்து களி கேட்டான்.

"இப்ப இருவத்தொம்பது வயசு. ஓசூர்ல கம்பெனி வேல. தை மாசம் கல்யாணம். பொண்ணு எப்பப் பாரு போனுதாங்க. அந்தப் பக்கத்த மட்டும் எடுத்துடுங்க மேடம். அவன் அதப் பார்த்துட்டான்னா நான் யாருங்க அவனுக்கு?"

நான் அப்போது செய்ததை நினைத்தால் இன்றும் கூசுகிறது. அந்த பஸ் ஸ்டாப்பில் நின்று ஆவணப் பாதுகாப்பின் கொள்கைகளை விளக்கினேன். ஒரு பக்கத்தை எடுத்தால் முழு ஆவணமும் நம்பகம் இழந்துவிடும் என்றேன். நாம் யார் திருத்துவதற்கு என்றேன். அவர் முழுதும் கேட்டார்.

"இதெல்லாம் யாருக்குங்க?"

"வருங்காலத்துக்குங்க."

"எனக்குத் தை மாசங்க" என்றார். பஸ் வந்தது. ஏறிக்கொண்டேன்.

பஸ்ஸில் உட்கார இடம் கிடைத்ததால் யோசிக்க முடிந்தது. அந்த நோட்டு இருபத்தாறு வருஷமாகத் திறந்த அலமாரியில் கிடந்தது. வந்தவர் போனவர் எல்லாம் அதன்மேல் டீ கிளாஸ் வைத்திருந்தார்கள். யார் வேண்டுமானாலும் புரட்டியிருக்கலாம். ஒன்றும் ஆகவில்லை, ஏனென்றால் அரபு ஓதத் தெரிந்தவர்களுக்கும் அந்தக் கையெழுத்தில் தமிழ் படிக்க வராது. படத்தை ஏற்றினாலும் ஒன்றும் ஆகாது, ஓசூரில் இருக்கும் பையனுக்கு அது வெறும் கோடும் புள்ளியும். அந்தப் பெயரை அவன் கண்முன் கொண்டுபோய் வைக்கப்போவது ஒன்றே ஒன்றுதான். நான் சண்டை போட்டு வாங்கிய கட்டம், யாரும் கேட்காமல் நான் செய்த தமிழ் அட்டவணை. எனக்கு என்மேலேயே கோபம் வந்தது. கண்டக்டர் சில்லறை கேட்டபோது அவரிடம் எரிந்து விழுந்தேன்.

மறுநாள் இயக்குநரை அழைத்துத் தாய் பெயர்க் கட்டத்தையே மறைத்துவிடலாம் என்றேன். "ஆராய்ச்சியோட உயிரே அதுதானே!" என்றார். அப்படியானால் ஒரே ஒரு குடும்பத்தின் பதிவை மட்டுமாவது விட்டுவிடலாம் என்றேன். ஆவணத்தில் கை வைக்கும் பேச்சே கிடையாது என்று கண்டிப்பாகச் சொன்னார். நான் முந்தின நாள் சொன்ன அதே வார்த்தைகள். கேட்கிற இடத்தில் இருந்து கேட்டபோது அவை அவ்வளவு நன்றாக இல்லை.

அடுத்த வாரம் அட்டவணையில் இரண்டாம் நோட்டைத் திறந்தால், கட்சிக்காரரின் மூன்று பதிவுகளும் இல்லை. மேலே எங்கிருந்தோ ஒரு போன் வந்ததாம். தனிநபர் அந்தரங்கம் என்றார் இயக்குநர். அப்படியானால் அந்த அம்மாவுக்கும் அந்தரங்கம் இருக்கிறதே என்றேன். தாராளமாக, என்றார். அதற்கு ஒரு நடைமுறை வைத்திருக்கிறார்கள். சம்பந்தப்பட்டவர் எழுத்து மூலம் மனுக் கொடுக்க வேண்டும். எந்தப் பதிவை எந்தக் காரணத்துக்காக மறைக்க வேண்டும் என்று விவரமாக எழுதி, கையெழுத்துப் போட்டு, ஆதார் நகல் இணைக்க வேண்டும். அந்த மனு என்ன ஆகும் என்று கேட்டேன். "அதையும் ஆவணமா பத்திரப்படுத்துவோம்" என்றார்.

போனை வைத்துவிட்டு நான்காம் நோட்டை எடுத்தேன். இரண்டு பதிவுகளையும் கண்டுபிடிக்க நேரமாகவில்லை. முதல் பதிவில் பையன் பெயர், அந்த அம்மாவின் பெயர், காய்ச்சல், தூக்கிப் போடுதல். நாலு வரி தள்ளி இரண்டாம் பதிவில் அதே பையன், அதே காய்ச்சல், தாய் பெயர் மட்டும் வேறு. அந்த வேறு பெயரைத் தமிழில் தட்ட வேண்டியவள் நான். கை ஓடவில்லை. கொஞ்ச நேரத்தை ஓட்டுவதற்காக ஓரத்தில் இருந்த தொகையைச் சரிபார்க்க ஆரம்பித்தேன். ஹஜ்ரத் எப்போதாவது கூட்டலில் தப்புவார், அதைக் குறிப்பில் எழுதுவது என் வழக்கம்.

முதல் பதிவின் தொகை சரியாக இருந்தது. இரண்டாவது சரியில்லை. மறுபடி கூட்டினேன். பையன் பெயரோடு தங்கையின் பெயரைக் கூட்டினால் அந்த எண் வரவே வராது. பிறகுதான் இரண்டு வரியையும் ஒன்றாகப் பார்த்தேன். ஓரத்தில் இரண்டு இடத்திலும் ஒரே எண். பெயரைத் தங்கையின் பெயராக எழுதிவிட்டு, கணக்கை அக்காவின் பெயரிலேயே போட்டிருந்தார். பையன் எழுந்து களி கேட்ட தாயத்து அக்காவின் பெயரில் எழுதின தாயத்து.

நோட்டைத் தூக்கிக்கொண்டு ஹஜ்ரத்திடம் போனேன். டோக்கன் இல்லாத நாள், பீங்கான் தட்டுகளைக் கழுவிக் கவிழ்த்துக்கொண்டிருந்தார். வரியைக் காட்டினேன். கண்ணாடியை ஏற்றிப் பார்த்தார்.

"கூட்டல் தப்பு போல மா."

"ஹஜ்ரத், ரெண்டு எடத்துலயும் அதே நெம்பர் இருக்கு."

தட்டைத் துடைத்தார்.

"அந்தம்மா தங்கச்சி பேரைச் சொல்லிட்டு அப்பிடி அழுதுச்சு மா. புள்ள அது கழுத்தைக் கட்டிக்கிட்டு விடவே மாட்டேங்குது. சட்டப்படி அந்தப் பேருதான் போடணும். நோட்டுல எழுதிட்டேன், அது பார்த்துக்கிட்டே இருந்துச்சில்ல. கட்டம் போடுறப்ப எனக்குக் கை வரல."

"அப்ப தாயத்து?"

"வேல செஞ்சுதா இல்லியா?" என்றார். பிறகு குரலை இறக்கி, "வெளிய சொல்லிடாத மா. நான் கணக்கு மாத்திப் போடுவேன்னு தெரிஞ்சா ஒருத்தனும் வரமாட்டான்" என்றார்.

காய்ச்சல் எந்தப் பெயருக்காகவும் இறங்கவில்லை, ஆஸ்பத்திரி மருந்துக்குத்தான் இறங்கியது என்பது என் அபிப்பிராயம். அதை அங்கே சொல்லவில்லை. என் இடத்துக்குத் திரும்பி வந்து, இரண்டு பதிவுகளிலும் தாய் பெயர்க் கட்டத்தில் அக்காவின் பெயரைத் தட்டினேன். என் வேலைக் காலத்தில் நான் மாற்றி எழுதிய முதல் பதிவு அது. குறிப்பில் 'கணக்கின்படி சரிசெய்யப்பட்டது' என்று எழுதினேன். இயக்குநர் என் கவனத்தைப் பாராட்டி மின்னஞ்சல் அனுப்பினார். நான்காம் நோட்டு அப்படியே ஏறியது.

அடுத்த வியாழக்கிழமை அந்த அம்மா வந்தார். பக்கத்து அறையில் கம்ப்யூட்டரோடு உட்கார்ந்திருந்தேன். கதவு வழியாக ஹஜ்ரத்தும் வரிசையும் தெரியும். திரையைத் திருப்பிக் காட்டினேன். ஒவ்வோர் எழுத்தாகப் படித்தார். இரண்டு இடத்திலும் தன் பெயரைப் பார்த்ததும் சந்தோஷப்படுவார் என்று எதிர்பார்த்திருந்தேன். கொஞ்சம் நன்றியைக்கூட எதிர்பார்த்தேன் என்று ஒப்புக்கொள்கிறேன்.

"பொய் எழுதிட்டீங்களே மேடம்."

"இல்லீங்க..."

"எடுக்கத்தான சொன்னேன்? மாத்தவா சொன்னேன்? அவ பேருலதான் அவன் உசுரு நின்னுச்சு. அத அழிச்சிட்டு என் பேரப் போட்டா அவனுக்கு ஏதாச்சும் ஆவாதா? பழையபடியே எழுதிடுங்க. அவனுக்குத் தெரிஞ்சாலும் தெரியட்டும். என்ன விட்டுப் போனாலும் போவட்டும். அவன் நல்லா இருக்கணும்."

இதற்கு நான் தயாராக இல்லை. ஹஜ்ரத் வெளியே சொல்லாதே என்றது நினைவுக்கு வந்தது. சொல்லிவிட்டேன். அவர் நம்பவில்லை. ஒரு காகிதத்தில் எழுத்துகளை எழுதி, ஒவ்வொன்றுக்கும் எண் போட்டு, கூட்டிக் காட்டினேன். தாயத்தில் துளி நம்பிக்கை இல்லாத நான், தாயத்து சரியான பெயரில்தான் எழுதப்பட்டது என்று அரை மணி நேரம் வாதாடினேன். நடுவில் ஓரிடத்தில் தப்பாகக் கூட்டிவிட்டேன். சந்தையில் தக்காளி விற்கிறவர், தலைகீழாகப் பார்த்தே அதைத் திருத்தினார். பிறகு காகிதத்தைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். தங்கை பெயரைக் கூட்டினார். தன் பெயரைக் கூட்டினார். நோட்டின் ஓரத்தைப் பார்த்தார். மறுபடியும் முதலிலிருந்து கூட்டினார்.

"இதேதாங்களா தாயத்துக்குள்ள?"

"இதேதாங்க."

முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்.

"அவனுக்குத் தலவலின்னாக்கூட இண்டூருக்குத்தாங்க போன் போடுவேன். அவ அங்க சாமி கும்பிடணும். பரீட்சைக்குப் போறப்ப, வேலைக்குப் போறப்ப, அவளத்தான் திருநீறு வச்சு அனுப்பச் சொல்லுவேன். நான் வச்சா ஏறாதுன்னு இருந்துட்டேன். இந்த இருவத்தாறு வருசத்துல அவன் நெத்தியில நான் கை வச்சதில்ல மேடம்."

அழுகை வந்தது, அழுதேன். என் கிண்டல் எதுவும் அந்த இடத்தில் கைகொடுக்கவில்லை.

அவர் எழுந்தார். வரிசையில் இருந்தவர்கள் சத்தம் போடப் போட, நேராக ஹஜ்ரத்தின் முன்னால் போய் உட்கார்ந்தார்.

"ஏன் பாய் சொல்லல?"

ஹஜ்ரத் கதவு வழியாக என்னை ஒரு பார்வை பார்த்தார். அந்தப் பார்வைக்கு நான் இன்னும் கணக்குத் தீர்க்கவில்லை.

"நீங்க கேக்கலியேம்மா" என்றார்.

அந்த அம்மா சண்டை போடுவார் என்று நினைத்தேன். போடவில்லை. ஹஜ்ரத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். ஹஜ்ரத் பேனாவை எடுத்து, ஒன்பதாம் நோட்டைத் திறந்து வைத்துக்கொண்டு, யாரிடமும் கேட்பது போலவே கேட்டார்.

"யாருக்குப் பார்க்கணும்?"

"எம் பையனுக்கு. தை மாசம் கல்யாணம்."

"பேரு?"

சொன்னார்.

"தாய் பேரு?"

அந்த அம்மா தன் பெயரைச் சொன்னார். தேவைக்கு மேல் சத்தமாகச் சொன்னார், வாசலுக்கு வெளியே நின்றவர்கள் வரை கேட்டிருக்கும். வரிசையில் யாரும் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அவர்களுக்கெல்லாம் அது ஏற்கெனவே தெரிந்த விஷயம்தான்.